லலிதை கேஸ்

என் கல்யாணத்துக்கு முப்பத்தோரு நாள் இருந்தபோது எங்கள் வீட்டுக்கு ஒரு தபால் கார்டு வந்தது. கார்டு எங்களுக்கு அல்ல, மாப்பிள்ளைக்கு. அவருடைய பம்பாய்ச் சிநேகிதர் ஒருவர், செங்கோட்டையில் அவர் குடியிருந்த விலாசம் தெரியாமல், கல்யாணப் பத்திரிகையில் பெண் வீட்டு விலாசம் என்று அச்சடித்திருந்ததைப் பார்த்து எழுதிப் போட்டுவிட்டார். உறையில் போட்டு ஒட்டியிருந்தால் ஒரு வம்பும் வந்திருக்காது. கார்டில் எழுதினார், மகராசன்.

எங்கள் தபால்காரர் வாசலில் நின்று ஒரு சத்தம் கொடுத்துக் கடிதத்தை எறிந்துவிட்டுப் போகிறவர். அன்றைக்குச் சைக்கிளை நிறுத்திப் பூட்டிவிட்டு உள்ளே வந்தார். "அண்ணாச்சி, கார்டு ஒண்ணு வந்திருக்கு. உக்காந்துக்கிட்டுப் படிங்க" என்று அப்பாவிடம் நீட்டினார். அப்பா நின்றுகொண்டே படித்தார். பிறகு உட்கார்ந்தார்.

அப்பா தென்காசியில் வக்கீல் குமாஸ்தா. இருபத்தெட்டு வருஷமாக ஒரே வக்கீலிடம் கட்டுத் தூக்கி, வக்கீலுக்குத் தெரியாத சட்டம் எல்லாம் தனக்குத் தெரியும் என்று நம்பிக்கொண்டிருந்தவர். வீட்டில் பால் திரிந்தாலும் "யாரு சாட்சி?" என்று கேட்பார். அடுத்தவருக்கு வந்த கார்டைப் படிக்கலாமா என்று அம்மா கேட்டதற்கு, "கவர்னா தொட மாட்டேன். கார்டு பப்ளிக் டாக்குமெண்ட்" என்று சொல்லிவிட்டு, எல்லோருக்கும் கேட்கும்படி வாசித்தார்.

"அன்புடைய நண்பா, மணவிழா அழைப்பிதழ் கிட்டியது. மகிழ்ச்சி. ஒன்று மட்டும் சொல்வேன். மனைவி வந்துவிட்டாள் என்று லலிதையைக் கைவிட்டுவிடாதே. நான்கு ஆண்டுகள் அவளுக்காக நீ பட்ட பாட்டை ஒரே அறையில் இருந்து பார்த்தவன் நான். நாள்தோறும் விடியுமுன் அரைமணி நேரமாவது அவளோடு இரு. ஞாயிறு எழுந்தபின் அவளைத் தொடாதே. வருகிற பெண் முதலில் முகம் சுளிப்பாள். போகப் போகப் பழகிவிடும்."

அம்மாதான் முதலில் வாய் திறந்தாள். "ஞாயித்துக்கெழம மட்டும் தொடக் கூடாதாமா? அன்னைக்கு அவளுக்கு விரதமோ?"

அந்தச் சிநேகிதர் தனித்தமிழ்ப் பித்துப் பிடித்த ஆள் என்பதும், ரயிலைப் புகைவண்டி என்றும் சூரியனை ஞாயிறு என்றும் எழுதாவிட்டால் அவருக்குத் தூக்கம் வராது என்பதும், லலித் என்கிற வடநாட்டு ராகத்தின் பெயரையும் விடாமல் லலிதை என்று ஆக்கிவிட்டார் என்பதும் எங்களுக்கு எப்படித் தெரியும்? எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் பம்பாயில் நாலு வருஷம் இருந்த ஒரு மாப்பிள்ளை, விடியுமுன் ஒரு பெண், நாலு வருஷப் பாடு. இதற்கு மேல் என்ன வேண்டும் ஒரு வக்கீல் குமாஸ்தாவுக்கு.

நான் அப்போது தென்காசியில் ஒரு ஆரம்பப் பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்தேன். வயது இருபத்து மூன்று. இதற்கு முன்னால் வந்த ஒரு வரன் ராயகிரிக்காரர். தோட்டம் துரவு எல்லாம் உண்டு. பெண் பார்க்க வந்தவர் அப்பாவிடம் ஒன்றே முக்கால் மணி நேரம் தன் பம்புசெட்டைப் பற்றிப் பேசினார். பிறகு எழுந்து போய்விட்டார். தெருமுனை வரைக்கும் போன பிறகுதான் என்னைப் பார்க்க மறந்தது ஞாபகம் வந்திருக்கிறது. திரும்பி வந்து, செருப்பைக் கழற்றாமல் வாசலில் நின்றே எட்டிப் பார்த்துவிட்டு, "கொள்ளாம்" என்று சம்மதம் சொல்லிவிட்டுப் போனார். செங்கோட்டை வரன் அமைந்த பிறகும் அவர் விடவில்லை. ஏதாவது தட்டிப் போனால் சொல்லிவிடுங்கள், நான் அவசரப்படவில்லை என்று ஆள் மூலம் சொல்லியனுப்பியிருந்தார்.

கார்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்த அப்பா, "முகூர்த்தத்த மாத்தப் போறதில்ல. பந்தலையும் மாத்தப் போறதில்ல. இது பொய்யின்னு ருசுவானா செங்கோட்ட. நெசம்னா ராயகிரி" என்றார். அவ்வளவுதான் தீர்ப்பு.

செங்கோட்டைக்காரரை எனக்குப் பிடித்துப் போயிருந்தது. அவர் ரயில்வேயில் பார்சல் கிளார்க். பெண் பார்க்க வந்தபோது சமைக்கத் தெரியுமா, பாடத் தெரியுமா என்று ஒன்றும் கேட்கவில்லை. ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "காலைல எத்தன மணிக்கு எந்திப்பிய?" அம்மா தண்ணீர் தெளித்து எழுப்பினாலும் ஏழு மணிக்கு முன்னால் எழுந்திருக்காதவள் நான். என்ன தோன்றியதோ, "நாலு மணிக்கு" என்று சொல்லிவிட்டேன். அந்த மனிதர் முகம் அப்படியே மலர்ந்துவிட்டது. நான் நாலு மணிக்கு எழுந்திருக்கிறேன் என்பதில் ஒரு மனிதருக்கு இத்தனை சந்தோஷமா? அந்த முகம் எனக்குப் பிடித்துவிட்டது. இதற்கு மேல் காரணம் கேட்டால் என்னிடம் கிடையாது.

கார்டு வந்த பிறகு அம்மா அதையும் எடுத்துக்கொண்டாள். "அதானாட்டி அன்னைக்கே கேட்டான், எப்ப எந்திப்பன்னு. நீ எந்திச்சிட்டா அவனுக்கு எடஞ்சல்லா!"

ஆடி மாசம் வேறு. ஆடியில் கல்யாணப் பேச்சே எடுக்கக் கூடாது என்று அம்மா சொன்னாள். "இது பேச்சு இல்ல, விசாரண. விசாரணைக்கு ஆடி என்ன, ஆவணி என்ன" என்று அப்பா கிளம்பிவிட்டார். கூட சித்தப்பா. சித்தப்பா தென்காசிக் கடைத்தெருவில் குடைக்கடை வைத்திருந்தார். இரண்டு பேரும் முதலில் செங்கோட்டைக்குப் போய் மாப்பிள்ளை குடியிருந்த வீட்டுக்காரம்மாவிடம் விசாரித்தார்கள். அப்போதுதான் செங்கோட்டை திருவிதாங்கூரிலிருந்து நம் பக்கம் வந்து சேர்ந்திருந்தது. நேற்று வரைக்கும் வேறு ராஜ்யத்தில் இருந்த ஊரை அப்பா முழுசாக நம்புவதில்லை. அந்த அம்மா சொன்னது: தினமும் மூணே முக்காலுக்குச் சைக்கிளை எடுத்துக்கொண்டு குற்றாலத்துக்குப் போய்விடுகிறார். விடிந்த பிறகுதான் வருகிறார். "எந்தினு போகுந்நுன்னு எனக்கறிஞ்சூடா." எதற்குப் போகிறார் என்று தெரியாதாம்.

அப்பாவும் சித்தப்பாவும் அன்றைக்குக் குற்றாலத்தில் ஒரு சத்திரத்தில் தங்கி, மறுநாள் மூன்றரை மணிக்கே ஐந்தருவிக்குப் போகிற பாதையில் ஒரு பாறைக்குப் பின்னால் போய் உட்கார்ந்துகொண்டார்கள். சாரல் அடித்துக்கொண்டிருந்தது. குடைக்கடைக்காரர் இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே ஒரு குடைதான் கொண்டு போயிருந்தார். இரண்டு குடை விரித்தால் ஆள் நடமாட்டம் தெரிந்துவிடுமாம். இந்தக் கதையைச் சித்தப்பா பிற்பாடு எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். தடவைக்குத் தடவை காலைக் கடித்த அட்டைகள் அதிகமாகும். முதலில் காலில் இரண்டு அட்டை என்றார். கடைசியாகச் சொன்னபோது பதினாலு.

நாலே காலுக்கு மாப்பிள்ளை வந்தார். சைக்கிளை மரத்தில் சாய்த்தார். தலையைத் துவட்டினார். பையிலிருந்து சீப்பை எடுத்துத் தலை சீவினார். "கும்மிருட்டுல, அதுவும் மழையில, எவனாவது தல சீவுவானா? அங்கனயே முடிவு பண்ணிட்டேன்" என்பார் சித்தப்பா. பிறகு மாப்பிள்ளை அருவி இருக்கும் பக்கம் பார்த்து நின்று, நீளமாக ஒரு சத்தம் கொடுத்தார். மறுபடியும் கொடுத்தார். அவளைக் கூப்பிடுகிறான் என்று இவர்கள் காத்திருந்தார்கள். யாரும் வரவில்லை. முக்கால் மணி நேரம் அவர் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். சித்தப்பாவுக்குப் பொறுக்கவில்லை. குடையை மடக்கிக் கையில் பிடித்துக்கொண்டு பாறைக்கு முன்னால் வந்துவிட்டார்.

"எங்க அது?"

மாப்பிள்ளை நடுங்கிப் போனார். "எது?"

"லலிதா."

உடனே அவர் சிரித்தாராம். "உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எல்லாம் தெரியும். ஏன் வரல?"

"இன்னைக்குச் சரியா வரல. சில நாள் அப்படித்தான். நாலு வருசமா முயற்சி பண்ணுதேன், பிடி குடுக்க மாட்டேங்கு."

"வெளுத்த பொறவு வருமோ?"

"சேச்சே! வெளுத்திட்டா அதத் தொடக் கூடாது. பெரிய பாவம்லா."

"அப்ப கல்யாணத்துக்குப் பொறவு?"

"அதுக்கென்ன, அவங்கதான் நாலு மணிக்கே எந்திப்பாங்களாமே. பக்கத்துலயே இருந்துக்கிடட்டும்."

எங்கள் பக்கத்தில் பெண்பிள்ளையைக் குறிப்பதற்கும் அது என்றுதான் சொல்வோம். அது வந்திட்டா, அது சாப்பிட்டிட்டா என்று கட்டின மனைவியையும் பெற்ற மகளையும் சொல்லுவோம், மரியாதைக் குறைவு ஒன்றும் கிடையாது. ஆகவே இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் தெளிவாகவே பேசிக்கொண்டார்கள். சித்தப்பா குடையை ஓங்கிய பிறகுதான் மாப்பிள்ளைக்கு ஏதோ விளங்கியிருக்கிறது. "ஐயோ மாமா, அது ராகம்! ராகம்!" என்று கத்தியிருக்கிறார். பாறைக்குப் பின்னாலிருந்து எழுந்து வந்த அப்பா, "பிடிபட்டுட்டா எவனும் ஒரு ராகம் பாடத்தான் செய்வான்" என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டினார்.

மாப்பிள்ளை சைக்கிளை உருட்டிக்கொண்டு பின்னாலேயே வந்து சொன்னதெல்லாம் இதுதான். பம்பாயில் பக்கத்து அறையில் ஒரு ஹிந்துஸ்தானிப் பாட்டு வாத்தியார் இருந்தார். விடியற்காலம் அவர் பாடுவதைச் சுவர் வழியாகக் கேட்டுக் கேட்டு இவருக்கு ஆசை வந்துவிட்டது. கெஞ்சிக் கூத்தாடியதில், லலித் என்ற ஒரு ராகத்தை மட்டும் சொல்லிக் கொடுத்தார். அது சூரியன் வருவதற்கு முன்னால் பாடுகிற ராகம். ஒருக்காலும் விடிந்த பிறகு பாடுவதில்லை என்று கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டார். ஒரு வருஷம் சொல்லிக் கொடுத்தவர், ஒரு நாள் வீட்டைக் காலி பண்ணிக்கொண்டு போய்விட்டார். எங்கே போனார் என்று இவருக்கு மட்டும் சொல்லவில்லை. இவர் விடாமல் பாடிக்கொண்டிருந்தார். செங்கோட்டையில் அக்கம்பக்கத்தார் சண்டைக்கு வந்ததால், அருவிச் சத்தத்தில் யாருக்கும் கேட்காது என்று குற்றாலத்துக்கு வர ஆரம்பித்தார்.

அப்பா வீட்டுக்கு வந்து இதை எல்லாம் சொன்னபோது, கதவுக்குப் பின்னால் நின்ற எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. "நம்புங்களேன் அப்பா" என்று சொன்னேன். "நம்புததுக்கு இது என்ன கோயிலா?" என்று அப்பா கேட்டார்.

அடுத்த சாட்சி, நாதஸ்வரக்காரர். பண்பொழிப் பக்கத்துக்காரர். எங்கள் கல்யாணத்துக்கு வாசிக்க வெற்றிலை பாக்கு வாங்கியிருந்தவர். இப்படி ஒரு ராகம் உண்டா என்று நேராகக் கேட்டிருக்கலாம். அப்பா நேராகக் கேட்கிற ஆள் இல்லையே. சாட்சிக்கு விஷயம் தெரியக் கூடாதாம். வந்தவரை உட்கார வைத்து, காப்பி கொடுத்து, மெதுவாகக் கேட்டார். "வே, உமக்கு லலிதாவத் தெரியுமா?"

"தெரியாம என்ன அண்ணாச்சி? எங்க அப்பா காலத்துல இருந்தே பழக்கம்."

அப்பா காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டார். "உங்க அப்பாவுக்கும் பழக்கமா?"

"அவருக்கு உசிருல்லா! ராத்திரி பூரா விட மாட்டாரு. எனக்கும் அவருதான் பழக்கி விட்டாரு."

அம்மா காதைப் பொத்திக்கொண்டு அடுப்பங்கரைக்குள் போய்விட்டாள். நான்தான் மரியாதையை எல்லாம் விட்டுவிட்டு வெளியே வந்து, "அது ராகமாய்யா, பொம்பளையாய்யா?" என்று கேட்டேன். அவர் பயந்து போய், "ராகந்தான் தாயி. பின்ன எதச் சொல்லுதேன்னு நெனச்சிய?" என்றார்.

அத்தோடு விட்டிருக்கலாமே. அப்பா விடவில்லை. அந்தப் பெயரில் ஒரு ராகம் இருப்பது ருசுவாகிவிட்டது, ஆனால் மாப்பிள்ளை விடியுமுன் செய்வது அந்த ராகத்தைத்தானா என்பது ருசுவாகவில்லை என்றார். பாடிக் காட்டட்டும். நம் வீட்டில், எல்லோருக்கும் முன்னால். பத்து மணிக்கு வரச் சொல்லி ஆள் அனுப்பினார். பத்து மணிக்குப் பாட முடியாது, விடியுமுன் என்றால் வருகிறேன் என்று பதில் வந்தது. இதையே அப்பா ஒரு சந்தேகமாகக் குறித்துக்கொண்டார். கடைசியில் வெள்ளிக்கிழமை காலை நாலரை மணி என்று ஏற்பாடாயிற்று. தீர்ப்புச் சொல்ல வக்கீல் ஐயாவே வருவதாக ஒப்புக்கொண்டார்.

அன்றைக்கு நான் இரண்டரை மணிக்கே எழுந்துவிட்டேன். என் ஆயுசில் அதுதான் முதல் தடவை. நாலு மணிக்கெல்லாம் மாப்பிள்ளை சாரலில் நனைந்துகொண்டு சைக்கிளில் வந்துவிட்டார். நாதஸ்வரக்காரரும் வந்தார், சித்தப்பாவும் வந்தார். வக்கீல் ஐயா வரவில்லை. நாலரை ஆயிற்று, ஐந்து ஆயிற்று, அதுவும் தாண்டிற்று. நீதிபதி இல்லாமல் விசாரணை தொடங்க முடியாது என்று அப்பா அசையவில்லை. மாப்பிள்ளை கடிகாரம் இருந்த சுவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, சாத்தியிருந்த ஜன்னலின் இடுக்கையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஆறு மணிக்கு மேல பாட மாட்டேன் மாமா" என்றார்.

"பாடலைன்னா கேஸ் தோத்துப் போவும்."

"சத்தியம் பண்ணிக் குடுத்திருக்கேன்."

"கல்யாணமே நின்னாலும் பாட மாட்டீரோ?"

அவர் ஜன்னல் இடுக்கை இன்னொரு தடவை பார்த்தார். பிறகு அந்த மனிதர் சொன்னார்: "மாட்டேன்."

அடுப்பங்கரையில் நின்ற எனக்கு வந்த கோபம் இருக்கிறதே! எங்கேயோ ஓடிப் போன ஒரு வாத்தியாருக்குக் கொடுத்த வாக்குக்காக என்னைப் பம்புசெட்டுக்குத் தாரை வார்க்கத் துணிந்துவிட்டார். கையில் இருந்த கரண்டியை எறியலாமா என்று இருந்தது. அப்புறம் யோசித்தேன். யாரும் பார்க்காத இடத்தில், யாருக்கும் கேட்காத பாட்டுக்கு, இவ்வளவு உண்மையாக இருக்கிற மனிதர் எனக்கும் அப்படித்தானே இருப்பார்? விடக் கூடாது என்று முடிவு பண்ணினேன்.

ஆறு மணிக்குப் பால்காரர் குரல் கொடுத்தார். மாப்பிள்ளை எழுந்துவிட்டார். சைக்கிளைத் துடைப்பதற்குப் பின்வாசலுக்குப் போனார். அதே நேரம் தெருவில் வில்வண்டிச் சத்தம். வக்கீல் ஐயா! அப்பாவும் மற்றவர்களும் அவரை வரவேற்க வாசலுக்கு ஓடினார்கள். கூடத்தில் ஒருவரும் இல்லை. முக்காலியை இழுத்துப் போட்டு ஏறி, சுவர்க் கடிகார முள்ளைப் பின்னால் தள்ளி ஐந்தே காலில் வைத்தேன். சாரலுக்காகச் சாத்தியிருந்த ஜன்னல்களில் கொக்கியையும் போட்டேன். வெளியே வானமும் கரிச்சட்டி மாதிரி இருண்டு கிடந்தது. கடவுள் நல்லவர்.

"பால்காரன் என்ன இன்னைக்கு இம்புட்டு வெள்ளன வந்திட்டான்?" என்று உள்ளே வந்த அப்பா கடிகாரத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டார். "மழைக்குப் பயந்து வந்திருப்பாரு" என்றேன். வக்கீல் ஐயா இடுப்பிலிருந்து தன் கடிகாரத்தை எடுத்துப் பார்த்தார், காதில் வைத்துக் கேட்டார், ஆட்டிப் பார்த்தார். சுவர்க் கடிகாரம் அவரே அப்பாவுக்குப் பரிசாகக் கொடுத்தது. அதைப் பார்த்துத் தன்னுடையதைத் திருத்தி வைத்துக்கொண்டார். அன்றைக்குக் கோர்ட்டுக்குப் பிந்திப் போய் ஏச்சு வாங்கினார் என்று பிற்பாடு கேள்வி. மாப்பிள்ளை உள்ளே வந்து கடிகாரத்தைப் பார்த்தார். "இன்னும் நேரம் இருக்கு போலுக்கே!" என்று சந்தோஷமாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

பாடினார்.

நான் என்னத்தைச் சொல்ல. முதலில் ஒரு நீளமான ஆ. பல்வலி என்று நினைத்து அம்மா கிராம்பு எடுக்கப் போனாள். அந்த ஆ ஏறப் பார்த்தது, பாதியில் நின்றது, இறங்கலாமா என்று யோசித்தது, பக்கத்தில் எங்கேயோ போய் இடித்துக்கொண்டது. சித்தப்பா முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தார். நாதஸ்வரக்காரர் கண்ணை மூடியிருந்தார், ரசனையால் அல்ல. அவர் மட்டும், பாடினவர் மட்டும், அந்தக் கூடத்திலேயே இல்லை. அவர் முகத்தில், நான் நாலு மணிக்கு எழுந்திருப்பேன் என்று சொன்ன அன்றைக்குப் பார்த்த அதே மலர்ச்சி. இருபது நிமிஷம் பாடிவிட்டுக் கை கூப்பினார்.

"சொல்லும் வே" என்றார் அப்பா.

நாதஸ்வரக்காரர் தொண்டையைச் செருமினார். "நம்ம பக்கத்து லலிதா வேற அண்ணாச்சி. இதுல ரெண்டு மத்திமம் வருது."

"ரெண்டா?" அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ரெண்டு. அடுத்தடுத்து."

"ஒரே சமயத்துலயா? ஒண்ணுக்கு ஒண்ணு தெரிஞ்சா?"

"மத்திமம்னா சுரம்ங்க அண்ணாச்சி. மா. வடக்க அப்படி ஒரு வழக்கம் உண்டுன்னு கேள்விதான். இவரு வேணும்னே ரெண்டத் தொடுதாரா, ஒண்ணக் குறி வச்சு இன்னொண்ணுல விழுதாரான்னுதான் எனக்குப் பிடிபடல."

வக்கீல் ஐயா கையைக் காட்டி நிறுத்தினார். மாப்பிள்ளையிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "குத்தாலத்துல இதத்தான் தெனம் பாடுவீரோ?"

"ஆமாங்க. இதவிடச் சத்தமா."

வக்கீல் ஐயா அப்பாவின் பக்கம் திரும்பினார். "குமாஸ்தா, மனசாட்சியத் தொட்டுச் சொல்லும். இந்தப் பாட்டக் கேக்கதுக்கு, விடியதுக்கு முந்தி எந்திச்சு ஒரு பொம்பள வருவாளா?"

அப்பா ரொம்ப நேரம் யோசித்தார். நியாயமான மனிதர், அதைச் சொல்ல வேண்டும். "வர மாட்டா" என்றார்.

"அப்ப கேஸ் தள்ளுபடி."

ஏன் வர மாட்டாள்? இரண்டரை மணிக்கு எழுந்து இங்கே நான் நின்றுகொண்டிருக்கிறேனே, நான் என்ன ஆம்பிளையா என்று கத்த வேண்டும் போல் இருந்தது. கத்தவில்லை. காப்பி கொண்டுவந்து கொடுத்தேன். மாப்பிள்ளை தம்ளரை வாங்கிக்கொண்டு, "நாலு மணிக்கே எந்திச்சாச்சா?" என்று கேட்டார். தினமும் எழுந்திருக்கிறதுதானே என்று சொன்னேன்.

ஆவணியில் கல்யாணம் நடந்தது. ராயகிரிக்காரர் வந்து சாப்பிட்டுவிட்டுப் பந்தல்காரரிடம் பம்புசெட்டைப் பற்றிப் பேசிவிட்டுப் போனார். அப்பா வீட்டுக் கடிகாரம் மட்டும் அன்றைக்குப் பிறகு சரியாக மணி அடிக்கவில்லை. ஆறுக்கு ஐந்து அடித்தது.

சொன்ன பொய்க்கு நான் தண்டனை அனுபவித்தேன். நாலு மணிக்கு எழுந்திருப்பவள் என்று நம்பிக் கட்டிய மனிதரிடம் எந்த முகத்தோடு ஏழு வரைக்கும் தூங்குவது? எழுந்தேன், நாலுக்கும் முன்னாலேயே. சைக்கிள் கேரியரில் உட்கார்ந்து அவரோடு குற்றாலத்துக்குப் போனேன். அவர் அருவியைப் பார்த்துப் பாடுவார். நான் பாறை மேல் அரிக்கேன் விளக்கை வைத்து, சித்தப்பா சீதனமாகக் கொடுத்த குடையைப் பிடித்துக்கொண்டு, பிள்ளைகளின் கணக்கு நோட்டுகளைத் திருத்துவேன். முதல் ஒரு வருஷம் எரிச்சலாக இருந்தது. அந்தச் சிநேகிதர் கார்டில் எழுதியது சரிதான், போகப் போகப் பழகிவிட்டது. ஒரு நாள் அவருக்குக் காய்ச்சல் வந்து பாடாமல் படுத்திருந்தபோது, அந்த நாலு மணிக்கு என்ன செய்வது என்று எனக்கே தெரியவில்லை.

கல்யாணமாகி ஏழெட்டு வருஷத்துக்குப் பிறகு செங்கோட்டையில் கொஞ்சம் ஒதுக்குப்புறமான வீடு கிடைத்தது. பாட்டு வீட்டுக்குள்ளேயே ஆயிற்று. ஒரு ரேடியோவும் வாங்கினோம். தை மாசம் அது. ஆறு மணிக்கும் கருக்கலாகவே இருக்கும். அன்றைக்கு அவர் எழுந்திருக்கப் பிந்திவிட்டது. பல் தேய்க்கக் கிணற்றடிக்குப் போயிருந்தார். நான் ரேடியோவைத் திருப்பிக்கொண்டிருந்தேன். வடக்கே ஏதோ ஒரு ஸ்டேஷன். ஹிந்தியில் கடகடவென்று என்னவோ சொன்னார்கள். எனக்கு இரண்டே வார்த்தைதான் புரிந்தது. ராக் லலித்.

பாடினது ஒரு பெண்.

நான் பாட்டுப் படித்தவள் இல்லை. ஆனால் லலித்தைத் தினம் கேட்டவள். நான் கேட்டதற்கும் இதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. அந்தக் குரல் ஏறின இடமெல்லாம் இருட்டாக இருந்தது, பிறகு கொஞ்சம் கொஞ்சமாக வெளிச்சம் வந்தது. அந்த இரண்டு மத்திமமும் ஒன்றை ஒன்று இடிக்காமல் பக்கத்தில் பக்கத்தில் நின்றன. எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. அழகாக இருந்ததற்கு மட்டும் அல்ல. பாவி மனுஷன், இவ்வளவு வருஷமாக இவர் பாடினது என்ன?

திரும்பிப் பார்த்தால், கையில் பற்பொடியோடு வாசல்படியில் நின்றுகொண்டிருந்தார். எப்போது வந்தார் என்று தெரியவில்லை. முடிகிற வரைக்கும் அசையவே இல்லை. பற்பொடி எல்லாம் தரையில் கொட்டியிருந்தது. பாட்டு முடிந்து ஹிந்தியில் மறுபடியும் பேச ஆரம்பித்தவுடன் என் கை தானாகப் போய் ரேடியோவை நிறுத்திவிட்டது.

"ஏட்டி, இது என்ன ராகம்?" என்று கேட்டார். "இப்படி ஒண்ணு இருக்குன்னு தெரியாமப் போச்சே. தெரிஞ்சிருந்தா இதப் படிச்சிருப்பேன்லா? போயும் போயும் அந்த லலித்தப் பிடிச்சுத் தொங்கிக்கிட்டு இருந்திருப்பேனா?"

அப்பா அத்தனை பாடுபட்டுத் தேடின லலிதை அன்றைக்குத் தானாகவே எங்கள் வீட்டு வாசலுக்கு வந்து நின்றாள். கட்டின மனைவி நான் என்ன செய்வேன்? அப்படி யாரும் இங்கே இல்லை என்று அவளை வாசலோடு அனுப்பிவிட்டேன்.

"பேரு சொல்லல, ஒரே இரைச்சல்" என்றேன். "நமக்கு எதுக்கு அது? வெளுக்கப் போவுது பாருங்க. நீங்க உங்க லலித்த எடுங்க."

அவர் ஜன்னலைப் பார்த்தார். கையைக் கழுவிக்கொண்டு வந்து தலையைச் சீவினார். சம்மணம் போட்டு உட்கார்ந்து தொண்டையைச் செருமினார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.